ஃபிரிட்ஜுக்குள் இரண்டு மலை டெய்சிகள்

1

ஒக்ரோபர் நடுப்பகுதி வந்தால் ரொறன்ரோவில் எங்கள் சனத்துக்கு ஒரு வேலை வந்துவிடும். "உள்ளை எடுக்கிறது" என்று அதைச் சொல்வோம். கோடை முழுவதும் வீட்டின் பின்புறத்தில் வெயில் காய்ந்த கறிவேப்பிலை, தேசி எலுமிச்சை, மல்லிகை, முருங்கைக் கன்று எல்லாவற்றையும் முதல் உறைபனி விழுவதற்கு முன் சாடியோடு தூக்கி வீட்டுக்குள் சேர்ப்பதுதான் அந்த வேலை. அந்தக் கிழமை ஏழு நாளும் யார் தொலைபேசி எடுத்தாலும் சுகம் விசாரிப்பதற்கு முன்னரே, "உள்ளை எடுத்தாச்சோ?" என்றுதான் கேட்பார்கள். இல்லை என்று சொன்னால், பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் மறந்துவிட்டு வந்தவனோடு பேசுவதுபோல் பேசுவார்கள்.

எங்கள் வீடு மில்லிக்கனில். வரவேற்பறை சின்னது. மாரி என்று நாங்கள் சொல்லும் பனிக்காலம் முழுவதும் அதில் ஏழு கறிவேப்பிலைச் செடிகள் நிற்கும். சோபாவில் இருப்பவரின் காதுக்குள் இலை போகும். என் மனைவி ராஜி ஞாயிற்றுக்கிழமைகளில் ஒவ்வோர் இலையாகத் துடைப்பாள். மீன் கழுவிய தண்ணீரை வடித்து ஊற்றுவாள். வெப்பக் காற்று வரும் துவாரத்துக்குக் கிட்ட எது நிற்பது என்று முறைவைத்து மாற்றுவாள். ஊரில் இருக்கும் உங்களுக்கு இது பைத்தியக்காரத்தனமாகத் தெரியலாம். இங்கே ஒரு செடி இரண்டாவது மாரியையும் தாண்டிவிட்டால் அந்த வீட்டுக்காரருக்கு ஒரு தனி மதிப்பு.

இந்தப் பழக்கத்தால்தான் போன மாரியில் ஒரு வயதான பெண்மணியின் ஆறு மலை டெய்சிச் செடிகளுக்கு நான் எமனாகப் போனேன்.

2

அந்தப் பெண்மணியின் பெயர் ஹெடி. வயது எண்பத்தாறு. பிறந்தது சுவிற்சர்லாந்தின் ஒரு மலைக் கிராமத்தில். கணவர் இறந்த பிறகு பக்கத்து மார்க்கம் நகரில் தனியே இருந்தார். நான் கோடையில் வீடுகளுக்குப் புல்லு வெட்டுகிறவன், மாரியில் பனி வழிக்கிறவன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டேன். அதற்குப் பிறகு ஐந்து நாடுகளில் இருந்து பார்த்தாயிற்று. எந்த நாட்டிலும் ஒரு தொழிலை ஒழுங்காகப் பழகவில்லை.

ஆறு வருடங்களுக்கு முன் முதல்முறை அவர் வீட்டுக்குப் போனபோது, கதவைத் திறந்தவரின் ஆங்கிலத்தில் எனக்குப் பழக்கமான ஓர் இழுவை கேட்டது. என்னை அறியாமலே "குரூட்சி" என்றேன். சுவிஸ் மலைப்பக்கத்தில் எதிர்ப்படுகிறவருக்குச் சொல்லும் வணக்கம் அது. அவர் கதவைப் பிடித்துக்கொண்டு என்னை மேலும் கீழும் பார்த்தார். அதன் பிறகு நாங்கள் அந்த ஊர் ஜெர்மன் மொழியில்தான் கதைத்தோம். அதைத் தமிழில் எழுதுகிறேன். அவர் என்னை விளித்த முறைக்கு எங்களுடைய 'நீர்' கிட்ட வருகிறது.

"எங்கை பழகினனீர்?"

"மலையிலை ஒரு ஹோட்டல் குசினியிலை."

"கோப்பை கழுவினனீரோ?"

"கிழங்கும் உரிச்சனான்."

"அப்ப உள்ளை வாரும். புல்லு எங்கையும் ஓடாது."

கோப்பி குடித்தபடி அந்த ஹோட்டல் கதையைச் சொன்னேன். தொண்ணூறுகளில் நான் அங்கே அகதி விண்ணப்பம் போட்டுவிட்டு இருந்த காலம். ஒரு மலைக் கணவாயின் உச்சியில் வேலை. மரங்கள் எல்லாம் எங்களுக்குக் கீழேயே முடிந்துவிடும். ஆடி மாதத்திலும் பாறை நிழலில் பனி கிடக்கும். ஒருநாள் பின்கதவால் கிழங்குத் தோல் கொட்டப் போனவன், பாறை இடுக்கில் ஒரு பூவைக் கண்டேன். ஊதா இதழ்கள், நடுவில் மஞ்சள். செடி தீப்பெட்டி அளவு. பூ அதைவிடப் பெரிதுபோல் இருந்தது. யாரோ விளையாட்டுக்குக் கொண்டுவந்து குத்திவைத்திருக்கிறார்கள் என்று நினைத்துப் பிடித்து இழுத்தேன். செடி அசையவில்லை. இன்னும் இழுத்தேன். பூ மட்டும் காம்போடு கையில் வந்தது. அதைக் கண்ட சமையற்காரன் கரண்டியோடு ஓடிவந்து கத்தினான். மலைப் பூப் பிடுங்குவது அங்கே குற்றமாம், பொலிஸ் பிடிக்குமாம்.

ஒரு கிழமை எனக்கு நித்திரை இல்லை. அகதிக் கோப்பில் பூப் பிடுங்கியது ஏறிவிடுமோ என்று பயம். இரண்டு வருடத்துக்குப் பிறகு விண்ணப்பம் நிராகரிக்கப்பட்ட கடிதம் வந்தது. ஒன்பது பக்கம். தெரிந்த ஒருவரைக் கொண்டு முழுவதையும் வாசிப்பித்தேன். பூவைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

ஹெடி இருமல் வரும்வரை சிரித்தார். பிறகு என்னைப் பின்புறம் கூட்டிக்கொண்டு போனார். நீளமான ஒரு மரப்பெட்டியில் குறுணிக்கல் நிரப்பி, ஆறு மண்சாடிகளைப் புதைத்துவைத்திருந்தார். ஆறிலும் அதே செடி. நான் குனிந்து பார்த்தேனே தவிரத் தொடவில்லை.

"இப்ப தொடலாம்," என்றார். "பொலிஸ் வராது."

3

இந்தச் செடியைப் பற்றி அந்த ஆறு வருடத்தில் அவரிடமிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்துகொண்டேன். இலைகள் நிலத்தோடு படிந்து கிடப்பது காற்றுக்காக. நிமிர்ந்து நின்றால் மலைக்காற்று முறித்துவிடும். இலையில் நரை மயிர்போல் ஒரு பஞ்சு இருக்கும். வெயில் சுடாமலும் உள்ளே இருக்கும் ஈரம் பறிபோகாமலும் காக்கும் சட்டை அது. மேலே விரல் உயரம் இருக்கும் செடி, கீழே கல்லுக்குள் முழங்கை நீளத்துக்கு வேர் விட்டிருக்கும். அன்றைக்கு என் இழுப்புக்கு அது அசையாததன் காரணம் அப்போதுதான் விளங்கியது. மலையில் கோடை என்பது எட்டு, பத்துக் கிழமைதான். அதற்குள் பூத்து, விதைத்து முடிக்க வேண்டும். அதனால் அடுத்த ஆனிக்கான மொட்டை முந்திய இலையுதிர் காலத்திலேயே உள்ளே தயாராக்கிவிட்டுப் பனிக்குக் கீழே படுத்துக்கொள்ளும். இந்த மாதிரி டெய்சிகள் நியூசிலாந்து மலைகளிலும், இங்கே எங்கள் ரொக்கி மலைகளிலும் வேறுவேறு முகத்தோடு இருக்கின்றனவாம்.

ராஜி முதல்முறை அதைப் பார்த்தபோது சொன்னது: "உது எங்கடை கையாந்தகரை மாதிரிக் கிடக்கு. உதுக்குப்போய் ஒரு மனிசி காவல் இருக்கிறாவோ?"

வாய்க்கால் கரையில் முளைக்கும் கையாந்தகரை என்கிற கரிசலாங்கண்ணியும் இதுவும் ஒரே குடும்பம் என்று ஹெடி பிறகு ஒரு புத்தகத்தைப் பார்த்துச் சொன்னார். ராஜிக்கு அதில் சரியான புளுகம், முகம் மலர்ந்துவிட்டது.

போன வருடம் செப்ரெம்பரில் ஹெடி படியில் விழுந்தார். வன்கூவரில் இருக்கும் மகன் வந்து வீட்டை விற்க ஒழுங்கு செய்தான். அஜக்ஸில் ஒரு முதியோர் இல்லத்தில் பல்கனியோடு ஓர் அறை கிடைத்தது. பல்கனியைத் திருத்துகிறார்கள், மே மாதம்வரை அதில் எதுவும் வைக்க முடியாது என்றார்கள். ஒரு பெட்டிதான் அனுமதி. அதற்கும் முன்கூட்டியே படிவம். பெட்டியின் நீளம், அகலம், பாரம், உள்ளே மண்ணா கல்லா, பூச்சி உண்டா என்று இரண்டு பக்கம். நிரப்பிக் கொடுத்தேன்.

"இந்த விதை என்ரை தம்பி வீட்டு மதிலிலை எடுத்தது," என்றார் ஹெடி. "தம்பியும் இல்லை, மதிலும் இல்லை. அங்கை இப்ப பனியிலை சறுக்கி விளையாட வாறவைக்கு மாடிவீடு கட்டிப்போட்டினம். அறைக்கு இரண்டு தெரிவு இருந்தது, சிவா. ஒண்டு பெரிசு, பல்கனி இல்லை. ஆனியிலை இது பூக்கிறதைப் பார்க்கத்தான் சின்னதை எடுத்தனான். மே வரைக்கும் நீர் வைச்சிரும்."

"என்ன செய்யவேணும்?"

"வெளியிலை சுவரோரம் வையும். ஒண்டும் செய்யாதையும்."

"தண்ணி?"

"வேண்டாம்."

"பசளை?"

"வேண்டாம்."

"ஏதாலும் போட்டு மூடவோ?"

"ஸ்னோ மூடும். உம்மாலை சும்மா இருக்க ஏலுமோ?"

"ஏன் ஏலாது?" என்றேன்.

4

டிசெம்பர் முதல் பாதிவரை சும்மா இருந்தேன். அந்த முறை பனி விழப் பிந்திவிட்டது. குளிர் மட்டும் வெறும் நிலத்தில் வந்து உட்கார்ந்தது. ஒருநாள் பின்னேரம் வேலையால் வந்தபோது ராஜி சமையலறை யன்னலடியில் நின்றாள்.

"இஞ்சருங்கோ, இரவைக்கு மைனஸ் பதினெட்டாம். அந்த மனிசியின்ரை பூ வெளியிலை கிடக்கு."

"அது மலைப் பூவப்பா. அதுக்குக் குளிர் பழக்கம்."

"மலையிலை பிறந்தால்? நீங்களும்தான் மலையிலை இருந்தனீங்கள், ஏன் இரண்டு ஜக்கெற் போட்டுக்கொண்டு நிக்கிறியள்? செத்துக்கித்துப் போச்செண்டால் அந்த மனிசியின்ரை முகத்திலை எப்பிடி முழிக்கிறது?"

நான் அந்தக் கணவாயில் மூன்று கோடை இருந்தவன். இந்தச் செடி எதைத் தாங்கும் என்று கண்ணால் கண்டவன். ஆனாலும் யன்னலால் எட்டிப் பார்த்தபோது, அந்த நரைத்த இலைகள் நிலத்தோடு ஒட்டிச் சுருங்கிக் கிடந்த கோலத்தை என்னால் தாங்க முடியவில்லை. ராஜிமேல் பழி போட்டு எழுதலாம். ஆனால் பெட்டியைத் தூக்கி வந்தது என் கைகள்.

கறிவேப்பிலைகளோடு எட்டாவதாக அந்தப் பெட்டியும் சேர்ந்தது. முறைப்படி வெப்பத் துவாரத்துக்குக் கிட்ட இடம் கிடைத்தது. முறைப்படி மீன் தண்ணீரும் கிடைத்தது.

மூன்று கிழமையில் இலைகள் எழும்பின. பச்சை பிடித்தன. "பார்த்தியளே, உயிர் வந்திட்டுது," என்றாள் ராஜி. ஜனவரி நடுவில் ஒரு சாடியில் மொட்டு வந்து விரிந்தது. மங்கலான ஊதா, காம்பு பென்சில் நீளம். வெளியே பனிப்புயல், உள்ளே மலை டெய்சி. ராஜி படம் எடுத்து எங்கள் ஊர்ச்சனத்து ஒன்றியத்தின் வாட்ஸ்அப் குழுவில் போட்டாள். நாற்பது பேர் கைகூப்பினார்கள். "அன்ரிக்குக் கைராசி," என்று ஒரு பெண் எழுதினாள்.

நான் அந்தப் படத்தோடு அஜக்ஸுக்குப் போனேன்.

ஹெடி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு தொலைபேசியைக் கிட்டப் பிடித்துப் பார்த்தார். எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

"இது எங்கை நிக்குது?"

"வீட்டுக்குள்ளை. ஹீற்றருக்குப் பக்கத்திலை."

அவர் திட்டியிருந்தால் சுகமாக இருந்திருக்கும். தொலைபேசியை என் கையில் தந்துவிட்டு மேசையில் கிடந்த பிஸ்கற்றை இரண்டாக உடைத்தார்.

"அது ஆனி எண்டு நினைச்சுக்கொண்டு நிக்குது," என்றார். "இலையிலை பஞ்சு கிடக்கோ?"

யோசித்துப் பார்த்தேன். "இல்லை."

"சட்டையைக் கழட்டிப்போட்டுது. இனி அப்பிடியே வெளியிலை வைச்சால் ஒரு இரவிலை போயிடும். உள்ளை வைச்சால் அழுகும். மெல்ல மெல்லத் திரும்பவும் குளிருக்குப் பழக்கவேணும்." பிஸ்கற்றில் பாதியை என்னிடம் நீட்டினார். "சாப்பிடும். நீர் கொலைகாரன் இல்லை. பாசம் கூடிப்போச்சு."

5

வீட்டுக்கு வந்து சாடிகளைக் கிளறிப் பார்த்தேன். மீன் தண்ணீரில் நான்கு சாடிகளின் வேர்கள் அழுகி நாறின. பூத்ததும் அதில் ஒன்று. மிஞ்சியவை இரண்டு.

மெல்ல மெல்ல என்று சொல்லிவிட்டார். எங்கே? வெளியே மைனஸ் இருபது. கராஜுக்குள் மைனஸ் பத்து. வீட்டுக்குள் இருபத்திரண்டு. இடையில் ஓர் இடம் இல்லை. படிக்கட்டில் தலையைப் பிடித்துக்கொண்டு இருந்தபோது மகள் ஆரணி மேலேயிருந்து இறங்கி வந்தாள். பல்கலைக்கழகத்தில் இரண்டாம் வருடம். வீட்டில் அவளைக் காண்பது பெரும்பாலும் ஃபிரிட்ஜைத் திறக்கும்போதுதான்.

"வட் ஹப்பின்ட் அப்பா?"

சொன்னேன். தொலைபேசியில் ஏதோ தட்டினாள். "இற் நீட்ஸ் லைக் ஃபோர் டிகிரீஸ். அப்பா, தற்ஸ் லிற்றரலி எ ஃபிரிட்ஜ்."

நிலக்கீழ் அறையில் எங்களுக்கு இரண்டாவது ஃபிரிட்ஜ் ஒன்று இருக்கிறது. இங்குள்ள எந்த யாழ்ப்பாண வீட்டிலும் இருக்கும். அதில் ராஜியின் விளைமீன், நண்டு, அரைத்த தூள், இடியப்பம். நடுத்தட்டை நான் காலியாக்கத் தொடங்கியபோது ராஜி வந்துவிட்டாள்.

"என்ன கூத்து உது?"

"பூவை வைக்கப் போறன்."

"உங்களுக்கென்ன விசரே? பூவை ஐஸுக்குள்ளை வைச்சு என்ரை நண்டை எங்கை வைக்கிறது?"

"நண்டு கராஜிலை நல்லாயிருக்கும்."

"அப்ப பூ கராஜிலை இருக்கட்டன்!"

"அம்மா," என்றாள் ஆரணி, "நண்டு ஆல்ரெடி செத்திட்டுது."

ராஜி சிரிப்பை அடக்க முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நண்டு கராஜுக்குப் போனது. இரண்டு சாடிகளும் இடியப்பத்துக்குப் பக்கத்தில் மூன்று கிழமை இருந்தன. ஒவ்வொரு நாளும் காலையில் ராஜிதான் முதலில் போய்த் திறந்து பார்த்தாள். ஆரணியும் வகுப்பிலிருந்து செய்தி அனுப்புவாள்: "ஹவ் ஆர் தி பேபீஸ்?" இரண்டாவது கிழமையில் ஒன்று கறுத்துச் சரிந்தது. மற்றது நீண்ட இலைகளைக் காயவிட்டுவிட்டு நடுவில் சின்னதாக, குட்டையாக, புதிதாக இரண்டு இலை விட்டது. அவற்றில் பஞ்சு இருந்தது.

6

பெப்ரவரியில் அந்த ஒற்றைச் சாடியைப் பெட்டியில் வைத்து வெளியே சுவரோரம் கொண்டுபோனேன். அடுத்த நாளே காலநிலை மாறி மழை பெய்து, முற்றத்துப் பனி முழுவதும் கரைந்தது. கிழமை முடிவில் மறுபடி மைனஸ் இருபது வரும் என்றார்கள். பனிதான் அந்தச் செடிக்குப் போர்வை. அதன் கீழே எவ்வளவு குளிரென்றாலும் பூச்சியத்தை ஒட்டித்தான் இருக்கும். வெறும் குளிர்தான் கொல்லும்.

பதினாறு வருடமாகப் பனியை வழித்து ஓரத்தில் தள்ளிச் சம்பளம் எடுக்கிறவன், அன்றைக்குப் பனி தேடி அலைந்தேன். நான் வழிக்கும் கடைத்தொகுதியின் வாகனத் தரிப்பிடத்தில் ஒரு குன்று கிடந்தது. என்னோடு வேலை செய்யும் குகன் பார்த்துக்கொண்டு நிற்க, ட்ரக்கின் பின்னால் அள்ளி ஏற்றினேன்.

"அண்ணை, கொட்டுறதுக்கு இடமில்லாமல் நிக்கிறம். நீங்கள் வீட்டை கொண்டு போறியளோ?"

"ஓம்."

"அண்ணிக்குத் தெரியுமோ?"

"அவதான் கொண்டுவரச் சொன்னவ."

குகன் மேலே எதுவும் கேட்கவில்லை. அந்த மௌனம் அடுத்த நாள் எல்லாத் தொழிலாளிக்கும் கதையாகப் போய்ச் சேர்ந்தது வேறு விஷயம்.

வீட்டுக்கு வந்து சவளால் முதல் அள்ளுப் பனியைத் தூக்கியபோது மேல் யன்னலைத் திறந்து ஆரணி கத்தினாள்: "அப்பா, ஸ்ரொப்! உதிலை சோல்ற்!"

தரிப்பிடத்துப் பனி. அதில் உப்பைக் கொட்டியதே நான்தான். அந்த ஒரு சவளைப் போட்டிருந்தாலே செடியைக் கருவாடாக்கியிருப்பேன். அன்று பின்னேரம் மூன்று பேருமாக ட்ரக்கில் வடக்கே போய், ஒரு வயல் வேலியோரம் சுத்தமான பனியை மீன்பெட்டிகளில் அள்ளினோம். ஆரணி எங்களோடு ஒரே வண்டியில் வந்து எத்தனை மாதமோ தெரியாது. வழியில் ஒரு கடையில் ரோல்ஸ் வாங்கிச் சாப்பிட்டோம். வண்டிக் கண்ணாடி எல்லாம் ஆவியில் புகார் பிடித்தது.

7

ஏப்ரலில் பனி கரைந்தபோது சாடியில் ஒரு நரைத்த கட்டிதான் இருந்தது. செத்ததா, இருக்கிறதா என்று சொல்ல முடியாது. மே மாதம் இலைகள் ஒரு ரூபாய் நாணயக் குற்றி அளவுக்குப் படர்ந்தன. குட்டை இலை, நிறையப் பஞ்சு. பிறகு ஒரு சனிக்கிழமை காலை ராஜி பின்புறத்திலிருந்து என்னைக் கூப்பிட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டுச் சீனக்காரரும் வெளியே வந்துவிட்டார். நடுவில் பட்டாணிக் கடலை அளவில் ஒரு மொட்டு.

அந்த மாதக் கடைசியில் பல்கனி தயார் என்று இல்லத்திலிருந்து அழைத்தார்கள். ராஜியும் வந்தாள். வாழ்க்கையில் முதல்முறையாக 401 நெடுஞ்சாலையில் என்னைக் கடந்துபோன எல்லோருக்கும் வழிவிட்டேன். ராஜி சாடியை மடியில் வைத்திருந்தாள்.

ஹெடி மெலிந்திருந்தார். சக்கர நாற்காலியைப் பல்கனிக்குத் தள்ளினோம். பெட்டியைச் சுவரோரம் வைத்துச் சாடியைப் புதைத்தேன். ஐந்து குழி வெறுமையாக இருந்தது. அதை எப்படிச் சொல்வது என்று வழியெல்லாம் பாடமாக்கிக்கொண்டு வந்தேன். அவர் கேட்கவில்லை. விரல் நுனியால் இலையைத் தடவிக்கொண்டு கனநேரம் இருந்தார்.

"சட்டை போட்டிருக்கு," என்றார்.

"மொட்டும் கிடக்கு. ஆனிக்குப் பூக்கும்."

"கண்டனான்." அவர் குனிந்து, மொட்டை எல்லாப் பக்கத்தாலும் பார்த்தார். பிறகு மேசை லாச்சியைத் திறந்து நகம் வெட்டும் கத்தரிக்கோலை எடுத்துவரச் சொன்னார். காய்ந்த இலை வெட்டத்தான் என்று நினைத்துக் கொண்டுவந்து கொடுத்தேன். அவர் விரல்கள் அதன் வளையத்துக்குள் போகவில்லை. திருப்பி என்னிடமே நீட்டினார்.

"மொட்டை எடும்."

"ஏன்?"

"இரண்டு தரம் சாகப் பார்த்த செடி. இந்த மொட்டு விரிஞ்சால் இருக்கிறதெல்லாம் அதிலை போயிடும். இந்த வருசம் வேர்தான் விடவேணும்."

நான் ராஜிக்குத் தமிழில் சொன்னேன். அவள் என் கையைப் பிடித்தாள்.

"உந்த மனிசிக்கு எண்பத்தாறு வயசப்பா. உதுக்காகத்தானே இந்த அறையை எடுத்தவ. வெட்டாதேங்கோ. எடுத்துச் சொல்லுங்கோ."

சொன்னேன். என் ஜெர்மன் போகும் தூரத்துக்குச் சொன்னேன். அடுத்த ஆனிக்கு இன்னும் ஒரு வருடம் இருக்கிறது என்பதை அந்த மொழியில் மரியாதையாகச் சொல்ல எனக்குத் தெரியவில்லை. குசினியில் அந்தச் சொற்கள் தேவைப்படவில்லை.

"எனக்குக் கணக்குத் தெரியும், சிவா," என்றார் ஹெடி. "வெட்டும்."

வெட்டினேன். அந்தக் கத்தரிக்கோல் அவ்வளவு சின்னது, சத்தம்கூட வரவில்லை.

ராஜி கண்ணைத் துடைத்தாள். ஹெடி அவளைப் பக்கத்தில் இருக்கச் சொல்லிக் கைகாட்டினார். மொட்டைத் தன் உள்ளங்கையில் வாங்கி, பஞ்சை உரித்து, நகத்தால் நடுவாகப் பிளந்து வெயிலுக்குக் காட்டினார். ஒரு பூவின் வயிறு என்று நான் நினைத்திருந்த இடத்தில், ஊசிமுனையளவு மஞ்சள் பூக்கள் பத்தி பத்தியாக நெருக்கி அடுக்கப்பட்டிருந்தன. டெய்சி என்பது ஒரு பூவே இல்லையாம், ஒரு கூட்டமாம்.

ராஜி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு குனிந்தாள். அவள் தமிழில் எண்ணத் தொடங்கினாள். ஹெடி தன் மொழியில் எண்ணினார். முப்பதுக்கு மேல் இரண்டு பேருக்கும் கணக்குப் பிசகி, மறுபடி ஒன்றிலிருந்து தொடங்கினார்கள்.